முழுத்திரையும் ஆன்மாவின் அவத்தைகளும்

கணினியில் முழுத்திரையாக ஓடிக்கொண்டிருக்கும் விளையாட்டை நிறுத்தாமலே, ஆல்ட் விசையை அழுத்தியபடி டேப் விசையைத் தட்டி இணைய உலாவிக்குச் சென்று, அங்கே ஒரு மின்னஞ்சலையோ பாடக்குறிப்பையோ பார்த்துவிட்டு மறுபடியும் விளையாட்டுக்குள் நுழைவது, சைபர்ஜெயாவை அடுத்துள்ள டெங்கிலிலும் கிள்ளானிலும் பிரிக்பீல்ட்ஸிலும் பள்ளிப் பிள்ளைகள் முதல் அலுவலகப் பணியாளர் வரை பலருக்கும் கைவந்த பழக்கமாகிவிட்டது. ஓரிரு நொடிகளில் முடிந்துவிடும் இச்செயலுக்குள், தமிழ்ச் சைவ மரபு 13ஆம் நூற்றாண்டு தொட்டு ஆராய்ந்துவரும் வினா ஒன்று அடங்கியிருக்கிறது. ஒரு நிலையை விட்டு இன்னொரு நிலைக்குள் புகும்போது புகுவது யார், முன்னைய நிலையிலிருந்து அவரோடு உடன்வருவது எது, அங்கேயே தங்கிவிடுவது எது என்பதே அவ்வினா.

அதை ஆராயுமுன் கணினிக்குள் நிகழ்வது இன்னதென்று தெரிந்துகொள்ள வேண்டும். முழுத்திரைத் தனியுரிமை முறையில் இயங்கும் விளையாட்டு திரையைப் பிற மென்பொருள்களோடு பகிர்ந்துகொள்வதில்லை. எல்லாச் சாளரங்களையும் அடுக்கி ஒரே காட்சியாகத் தொகுக்கும் இயங்குதளத்தின் பணியை ஒதுக்கிவிட்டு, திரையின் நுணுக்கத்தையும் புதுப்பிப்பு வேகத்தையும் தன் தேவைக்கேற்ப மாற்றிக்கொண்டு, வரைகலை அட்டையிலிருந்து நேரே திரைக்குப் படங்களை அனுப்புகிறது. பயனர் உலாவிக்கு மாறும்போது திரை தன் பழைய நுணுக்கத்துக்குத் திரும்பவேண்டியிருக்கிறது. டைரக்ட்3டி 9 என்னும் வரைகலை முறையில் எழுதப்பட்ட பழைய விளையாட்டுகள் இந்த மாற்றத்தின்போது வரைகலை அட்டையின் மீதிருந்த பிடியையே இழந்தன. அட்டையின் நினைவகத்தில் ஏற்றிவைத்த படத்துணுக்குகள் பலவற்றை, திரும்பி வரும்போது மீண்டும் ஏற்றவேண்டியிருந்தது. அதனால் திரை சில நொடிகள் கறுத்துக் கிடக்கும். அந்த இழப்பைச் சரிவரக் கையாளாத விளையாட்டுகள் அங்கேயே முடங்கிப்போவதும் உண்டு. பின்னர்ப் பரவிய விளிம்பற்ற சாளர முறையில் விளையாட்டு என்பது திரையளவுக்கு விரிந்த ஒரு சாதாரணச் சாளரம் மட்டுமே. ஆகவே அங்கே கறுப்பு இடைவெளி கிடையாது, மாற்றம் கண்ணிமைக்குமுன் முடிந்துவிடுகிறது. எம்முறையானாலும், தட்டப்படும் விசைகள் எந்தச் சாளரத்துக்குப் போய்ச் சேரவேண்டும் என்ற உரிமை விளையாட்டிடமிருந்து உலாவிக்குக் கைமாறுகிறது. விளையாட்டு அழிந்துவிடுவதில்லை, பெரும்பாலும் ஒலியை அடக்கி, நொடிக்கு வரையும் படங்களைக் குறைத்துக்கொண்டு, தன் நிலை முழுவதையும் நினைவகத்தில் வைத்தபடி பின்னால் காத்திருக்கிறது.

ஒரே நேரத்தில் இரண்டு அறிவுகள் ஒருவரிடம் எழக்கூடுமா என்ற கேள்வி இந்தியத் தருக்க மரபில் மிகப் பழையது. மணிமேகலை, சமயக்கணக்கர்களின் கொள்கைகளைத் தொகுத்துரைக்கும் காதையில் பெயர்சொல்லிக் குறிப்பிடும் ஆசிரியர்களுள் ஒருவர் அக்கபாதர்; நியாய சூத்திரத்தின் ஆசிரியராகக் கருதப்படுபவர் இவரே. ஐம்பொறிகளும் தத்தம் புலன்களோடு ஒருங்கே பொருந்தியிருந்தும் அறிவுகள் ஒருங்கே தோன்றாமையையே, பொறிகளுக்கு வேறாக மனம் என ஒன்று உண்டு என்பதற்கு அடையாளமாக அந்நூல் காட்டுகிறது. அந்த மனம் அணு அளவினது, ஆகவே ஒரு பொழுதில் ஒரு பொறியோடு மட்டுமே கூடும் என்பது நியாய வழியினர் துணிபு. நீண்ட மொறுமொறுப்பான பணியாரத்தைக் கடித்துத் தின்பவனுக்கு நிறமும் மணமும் சுவையும் ஓசையும் ஒருசேரத் தெரிகின்றனவே என்று தடை எழுப்பியவர்களுக்கு, அடுக்கிவைத்த நூறு தாமரை இதழ்களை ஊசியால் குத்தும்போது எல்லாம் ஒரே கணத்தில் துளைபட்டதாகத் தோன்றினாலும் ஊசி ஒவ்வோர் இதழாகவே கடந்து சென்றது என்று அவர்கள் விடை கூறினர். சாங்கியர் இதற்கு உடன்படவில்லை. புத்தி, அகங்காரம், மனம், பொறி ஆகிய நான்கும் சில வேளை ஒருங்கேயும் சில வேளை ஒன்றன்பின் ஒன்றாகவும் தொழிற்படும் என்று சாங்கிய காரிகை கூறுகிறது. ஒற்றைக் கருவுள்ள கணினிச் செயலி ஊசியின் வழியில் நடப்பது: ஒரு நொடியைப் பல நூறு கூறுகளாக்கி, ஒரு கூற்றில் விளையாட்டுக்கும் அடுத்த கூற்றில் உலாவிக்கும் உழைத்து, ஒவ்வொரு முறை விலகும்போதும் தான் நின்ற இடத்தின் எண்களையெல்லாம் எழுதிவைத்துவிட்டே விலகுகிறது. இன்றைய செயலிகளுக்குப் பல கருக்கள் இருப்பதால் அவை சாங்கியர் பக்கம் சாய்ந்துவிட்டன எனலாம். ஆனால் அவற்றின் முன் அமர்ந்திருக்கும் மனிதருக்கு மனம் இன்னும் ஒன்றே.

இக்கூற்றுக்கு எதிராகத் தமிழ்நாடே ஒரு சான்றை எடுத்து வைக்கக்கூடும். எட்டுச் செயல்களை ஒருங்கே கவனித்தல் அட்டாவதானம், நூறு செயல்களைக் கவனித்தல் சதாவதானம் எனப்பட்டன. நாகர்கோவிலை அடுத்த இடலாக்குடியில் பிறந்த செய்குத்தம்பிப் பாவலர் 1907இல் சென்னையில் அறிஞர்கள் கூடிய அவையில் சதாவதானம் செய்து காட்டினார். அவதானத்தில் ஒருவர் முதுகில் சிறு கற்களை அவ்வப்போது எறிந்துகொண்டிருப்பார், அவற்றை எண்ணிவரவேண்டும். ஒருவர் ஈற்றடி கொடுத்து வெண்பா கேட்பார். மற்றொருவர் ஐயம் வினவுவார். முடிவில் எல்லாவற்றுக்கும் பிழையின்றி விடை தரவேண்டும். நூறும் உள்ளத்தில் ஒருசேர நிகழ்ந்தன என்று இதைக் கொள்வதைவிட, ஒவ்வொன்றையும் விட்டு அகலும்போது அதன் நிலையைச் சிதையாமல் வைத்துவிட்டு அகன்று, திரும்பும்போது அதே இடத்திலிருந்து தொடரும் பயிற்சி என்று கொள்வதே பொருந்தும். பல ஆண்டு உழைப்பால் மிகச் சிலருக்கே கைகூடிய ஆற்றல் அது. டேப் விசையைத் தட்டும் எவருக்கும் அது வந்துவிட்டதாக எண்ணுவதற்கு இடமில்லை.

மாறி மாறிச் செல்பவர் மாறுதலால் பாதிக்கப்படுகிறாரா என்பதில்தான் சமய நெறிகள் பிரிகின்றன. திருவண்ணாமலையில் வாழ்ந்த இரமண மகரிஷி (1879–1950), திரைப்படம் மக்களிடையே பரவிய காலத்தில், ஆன்மாவைத் திரைக்கு ஒப்பிட்டு விளக்குவதுண்டு: படத்தில் தீ எரிந்தாலும் திரை வேகாது, வெள்ளம் பாய்ந்தாலும் நனையாது, காட்சிகள் வந்துபோகத் திரை மட்டும் உள்ளபடியே நிற்கும். இவ்விளக்கம் அத்துவைதத்தின் சாட்சிக் கொள்கையை, அதாவது விழிப்பையும் கனவையும் உறக்கத்தையும் பற்றற்றுப் பார்த்திருக்கும் அறிவே ஆன்மா என்னும் கொள்கையை, எவரும் உணரும்படி ஆக்கியது. சைவ சித்தாந்தமோ ஆன்மாவைத் திரையாகக் கொள்வதில்லை, பளிங்காகக் கொள்கிறது. செம்மலரை அடுத்தால் சிவந்தும் நீலமலரை அடுத்தால் நீலமாகவும் தோன்றும் பளிங்கைப்போல், உயிர் தான் எதைச் சார்கிறதோ அதன் தன்மையை ஏற்று அதுவாகவே நிற்கும் இயல்புடையது. இதனைச் சார்ந்ததன் வண்ணமாதல் என்று, சிவஞானபோதத்தை அருளிய மெய்கண்டாரின் வழி வந்த ஆசிரியர்கள் வழங்கினர்.

முழுத்திரை விளையாட்டைப் பொறுத்தவரை பளிங்குக் கொள்கையே உண்மைக்கு அருகில் நிற்கிறது. ஆர்தர் ஜெர்சில்டு என்னும் அமெரிக்க உளவியலாளர் 1927ஆம் ஆண்டிலேயே, ஒரே வகைக் கணக்கைத் தொடர்ந்து செய்வதைவிட இரு வகைக் கணக்குகளை மாற்றி மாற்றிச் செய்யக் கூடுதல் நேரம் பிடிக்கிறது என்று அளந்து காட்டினார். ஒரு வேலையை முடிக்காமல் விட்டு அடுத்ததற்குச் சென்றவர்களின் எண்ணம் முன்னைய வேலையிலேயே ஓரளவு தங்கிவிடுகிறது, அதனால் அடுத்த வேலையில் அவர்கள் திறன் குறைகிறது என்று சோஃபி லெராய் 2009இல் வெளியிட்ட ஆய்வு காட்டியது. அதற்கு அவர் இட்ட பெயரைத் தமிழில் கவன எச்சம் எனலாம். திரைக்கு எச்சம் என்பது இருக்க முடியாது. உலாவியில் கட்டுரை ஒன்றைப் படித்துக்கொண்டிருப்பவரின் விரல்கள் விளையாட்டில் ஓடுவதற்குரிய விசைகளின் மேலேயே படிந்திருப்பதும், வாசித்த பத்தியை மீண்டும் முதலிலிருந்து வாசிக்க நேர்வதும், முன்னைய நிறம் இன்னும் நீங்காத பளிங்கின் நிலையே. உரமேறிய ஞானியின் நிலையிலிருந்து நோக்கினால் இரமணரின் உவமை முற்றிலும் மெய்யாக இருக்கலாம். அந்நிலையை எய்தாதவர், தாம் பாதிக்கப்படாத திரை என்று முன்கூட்டியே முடிவு செய்துகொள்வதுதான் கேடு.

சார்பும் விலகலும் எவ்வாறு நிகழ்கின்றன என்பதைச் சித்தாந்தம் அவத்தை என்னும் தலைப்பில் எண்ணிக்கையோடு விளக்குகிறது. அவத்தை என்பது உயிர் கருவிகளோடு கூடியும் பிரிந்தும் நிற்கும் நிலை; சாக்கிரம் என்னும் நனவு, சொப்பனம் என்னும் கனவு, சுழுத்தி என்னும் உறக்கம், அதற்கும் அப்பாற்பட்ட துரியம், துரியாதீதம் என ஐந்து. நனவில் உயிரோடு தொழிற்படுவன 35: அறிகருவிகளாகிய ஞானேந்திரியங்கள் 5, செயற்கருவிகளாகிய கன்மேந்திரியங்கள் 5, அவ்விரண்டின் புலன்களும் தொழில்களுமாக 10, உடலை இயக்கும் வாயுக்கள் 10, மனம், புத்தி, அகங்காரம், சித்தம் எனும் அந்தக்கரணங்கள் 4, இவற்றோடு நுகர்வோனாக நிற்கும் புருடன் 1. கனவுக்குள் செல்லும்போது இந்திரியங்கள் பத்தும் புருவ நடுவிலேயே நின்றுவிட, 25 கருவிகளோடு உயிர் கழுத்தளவுக்கு இறங்குகிறது. உறக்கத்தில் சித்தம், பிராணவாயு, புருடன் ஆகிய 3 மட்டுமே இதயத்தில் எஞ்சும். துரியத்தில் சித்தமும் நீங்கி 2. துரியாதீதத்தில் புருடன் மட்டும். கருவிகளோடு கூடிய உயிருக்கு அமைச்சரோடு கூடிய அரசனைச் சிவஞானபோதத்தின் நான்காம் சூத்திரம் உவமையாக வைத்திருப்பதும் இவ்விடத்திலேதான்.

பின்னணிக்குத் தள்ளப்பட்ட விளையாட்டை இக்கணக்கோடு வைத்துப் பார்த்தால் வியக்கத்தக்க ஒற்றுமை ஒன்று புலப்படும். திரையும் ஒலிபெருக்கியும் அதனிடமிருந்து போய்விட்டன, அவை அதன் ஞானேந்திரியங்கள். விசைப்பலகையும் சுட்டியும் போய்விட்டன, அவை அதன் கன்மேந்திரியங்கள். எஞ்சியிருப்பது, நடந்தவற்றையெல்லாம் பற்றிவைத்திருக்கும் நினைவகமாகிய சித்தமும், செயலி அவ்வப்போது தரும் சிறு கூற்றாகிய பிராணனும். சுழுத்திக்குரிய மூன்றில் இரண்டு அங்கே உள்ளன. மூன்றாவதாகிய புருடன் மட்டும் அங்கே இல்லை, ஏனென்றால் நுகர்வோன் இப்போது உலாவியில் இருக்கிறான். விளையாட்டுக்கு என்றுமே சொந்தமாக ஒரு புருடன் இருந்ததில்லை.

அவ்வாறாயின் விளையாட்டு கனவு, உலாவி நனவு என்று கூறிவிடலாமா என்றால், பலரும் அப்படித்தான் பேசுகிறார்கள் என்றாலும், சித்தாந்தக் கணக்கு அதை ஏற்பதில்லை. இரண்டிலும் கண் பார்க்கிறது, கை இயங்குகிறது. ஆகவே இரண்டும் நனவே. உறக்கத்தை நோக்கி இறங்கும் ஐந்து அவத்தைகளைக் கீழாலவத்தை என்று வைத்த ஆசிரியர்கள், விழித்திருக்கும்போதே புருவ நடுவில் நிகழும் ஐந்தை மத்தியாலவத்தை என்று தனியே வகுத்தனர். எதிரே நிற்பதைக் கண்டும் அறியாதிருத்தல், கேட்ட சொல் காதில் விழுந்தும் பொருள் படாதிருத்தல், பிறகு கருவிகள் ஒவ்வொன்றாக வந்து கூட மெல்ல மெல்லத் தெளிதல் ஆகியன இவ்வகையைச் சேரும். சாப்பிட வரும்படி தாய் மூன்று முறை அழைத்தும் கேளாதிருந்த பிள்ளை கனவில் இருந்ததாகச் சொல்வது பிழை; அவன் நனவில் உறங்கினான் என்பதே மரபு வழிப்பட்ட விடை. உலாவியில் ஒன்றன்பின் ஒன்றாகப் பக்கங்களைத் தள்ளிக்கொண்டே போய் எதையும் அறியாதிருக்கும் பெரியவர்களும் அதே நனவில் அதே உறக்கத்தில்தான் இருக்கிறார்கள். எந்தச் சாளரம் மேலே இருக்கிறது என்பதைக்கொண்டு இன்னார் விழித்திருக்கிறார் என்று தீர்ப்பளிப்பதற்குச் சித்தாந்தம் இடம் தரவில்லை.

ஒன்றை அப்படியே வைத்துவிட்டு இன்னொன்றுக்குள் புகுவதன் ஆபத்தைப் பேசும் வரலாறு பெரியபுராணத்தில் உண்டு. கயிலையிலிருந்து வந்த சிவயோகியார் ஒருவர் சாத்தனூரில், மேய்ப்பனாகிய மூலன் இறந்துகிடக்க அவனைச் சுற்றிப் பசுக்கள் கதறுவதைக் கண்டு இரங்கி, தம் உடலை ஓரிடத்தில் சேமித்துவைத்துவிட்டு அவ்வுடலில் புகுந்தார். பசுக்களை ஊர் சேர்த்துவிட்டுத் திரும்பி வந்தபோது வைத்த உடலைக் காணவில்லை. இறைவன் திருவருளே அதை மறைத்தது என்று உணர்ந்து, மூலன் உடலிலேயே தங்கித் திருமூலராகித் திருமந்திரம் அருளினார் என்பர். சங்கரரைப் பற்றி வழங்கும் கதையில் இழப்பு வேறு வகையானது: அமருகன் என்னும் அரசனின் உடலில் புகுந்த அவருடைய உடலைச் சீடர்கள் பத்திரமாகக் காத்திருந்தும், அவர் அரச வாழ்வில் தம்மையே மறந்தார், சீடர்கள் சென்று பாடி நினைவூட்ட வேண்டியிருந்தது. ஒருவர் மீள நினைத்தபோது உடல் இல்லை. மற்றவருக்கு உடல் இருந்தும் மீளும் நினைவு இல்லை. கணினி முதல் வகை இழப்பைத் தடுப்பதில் வல்லது. இரண்டாம் வகைக்கு அதனிடம் எந்த ஏற்பாடும் இல்லை. சீடர்களின் வேலையைச் செய்ய வீட்டில் இன்னொரு மனிதர்தான் வேண்டும்.

மாற்றத்தின்போது நிலையைக் காத்துவைப்பதற்கு ஆகம வழிபாட்டில் வகுத்துவைத்த முறை கலாகர்ஷணம். கோயிலில் திருப்பணிக்காகக் கைவைக்குமுன், நூல் சுற்றி மாவிலையும் தேங்காயும் தருப்பைக் கூர்ச்சமும் வைத்த கும்பத்து நீரில், மூர்த்தியிடம் விளங்கும் ஆற்றலை மந்திரத்தால் ஈர்த்து எழுந்தருளச் செய்து, அதைப் பாலாலயம் என்னும் தற்காலிகச் சிற்றாலயத்தில் வைத்துப் பூசிப்பர். திருப்பணி முடிந்து குடமுழுக்கு நடக்கும்போது அது திரும்ப மூர்த்தியிடம் சேர்க்கப்படும். பழைய இடத்துக்கும் புதிய இடத்துக்கும் இடையே ஒரு கலம் இருக்கிறது, அந்த இடைக்காலத்துக்கும் விளக்கும் நைவேத்தியமும் உண்டு. டெங்கில் வட்டாரத் தமிழர்களுக்கு இது ஏட்டுச் செய்தியாக இருந்ததில்லை. முதல் உலகப் போரில் பணியாற்றித் திரும்பிய பிரித்தானியர்கள் 1921இல் தொடங்கிய பேராங் பெசார் தோட்டமும், அதை அடுத்த செட்ஜ்லி, மெடிங்லி, கேலவே தோட்டங்களும், 1995 முதல் புத்ராஜெயா நகராக மாறியபோது, தலைமுறைகளாகப் பால்மரம் சீவியும் செம்பனை அறுத்தும் வாழ்ந்த ஏறத்தாழ 400 குடும்பங்கள் டெங்கில் தாமான் பெர்மாத்தா அடுக்குமாடிகளுக்கு வந்து சேர்ந்தன. 1997இல் பக்கத்திலேயே சைபர்ஜெயா திறக்கப்பட்டது. மலேசியாவில் தோட்டங்கள் நகரங்களாக்கப்பட்ட பல இடங்களில் முனியாண்டி, மாரியம்மன் கோயில்களும் இடம் மாறின. கும்பத்தோடும் பாலாலயத்தோடும் மாறிய கோயிலுக்கும், கால அவகாசமின்றிப் பெயர்க்கப்பட்ட கோயிலுக்கும் உள்ள வேறுபாட்டை அம்மக்கள் நெஞ்சறிய உணர்ந்தவர்கள். இடைக்காலம் மதிக்கப்படவில்லை என்பது அவர்கள் வருத்தத்தின் பெரும்பகுதி, அது நியாயமான வருத்தம்.

இந்தப் பின்னணியில் நோக்கும்போது, மென்பொருள் வல்லுநர்கள் குறையென்று கருதி நீக்கிய கறுப்புத் திரையின் சில நொடிகளுக்கு வேறொரு மதிப்பு உண்டாகிறது. அந்நொடிகளில் விளையாட்டும் இல்லை, உலாவியும் இல்லை. காண்பதற்கு ஒன்றும் இல்லாதபோதும் காத்திருப்பவர் ஒருவர் இருக்கிறார் என்பது மட்டும் தெரிகிறது. கருவிகள் நீங்கியும் நீங்காது நிற்பது எது என்று தேடியே, கருவிகளின் தொகுதியை உயிர் என மயங்கியவர்களுக்குச் சித்தாந்த ஆசிரியர்கள் மறுப்பு எழுதினர். சைவர் நாள்தோறும் செய்யும் சந்தி அனுட்டானம் இரவும் பகலும் கூடும் பொழுதிலும் நண்பகலிலும் அமைந்ததும், மந்திரத்துக்கு முன் நீரை உட்கொள்ளும் ஆசமனமும் திருநீறு அணிதலும் விதிக்கப்பட்டதும் இதே நோக்கத்தைத் தழுவியவை. ஆயினும் இதனால் இயந்திரம் மெதுவாக இருக்கவேண்டும் என்று வாதிடுவது சரியாகாது. விரைவாக மாறும் வசதி அவசரத்தில் உயிரையும் காக்கக்கூடும். இடைவெளியை இயந்திரத்திடம் கேட்பதைவிட, மாறுகிறவர் தாமே வைத்துக்கொள்வது முறை.

விளையாட்டில் முழுகிப்போவதே பாவம் என்ற பேச்சுக்கும் இங்கே சிறிது மறுமொழி வேண்டும். உயிர் எதையும் தொலைவில் நின்று அறிவதில்லை, அதில் அழுந்தியே அறிகிறது என்பது சித்தாந்தத்தின் உறுதியான கொள்கை. உலகத்தில் அழுந்தும் அதே இயல்பினால்தான் பின்னர்ச் சிவத்தில் அழுந்த முடிகிறது, மேலாலவத்தை என்று கூறப்படும் அருள் வழிப்பட்ட ஐந்து நிலைகளும் அவ்வியல்பின்மேல் எழுந்தவையே. முழுகுவதற்கு ஆற்றலில்லாத மனத்தைப் பயிற்றுவித்து யாரும் பத்திமையில் நிறுத்திவிட முடியாது. ஆகவே தாமான் பெர்மாத்தாவிலோ வேறெங்கோ, பிள்ளையை விளையாட்டிலிருந்து பாடத்துக்கு அழைக்கும் பெற்றோர், அந்தச் சுற்று முடியும்வரை பொறுத்திருந்து அழைப்பது, லெராயின் ஆய்வின்படியும் கவன எச்சத்தைக் குறைக்கும், சித்தாந்தத்தின்படியும் பளிங்கு ஒரு மலரை விட்டு முழுவதும் விலகிய பின்னரே இன்னொன்றை அடுப்பதற்கு இடம் கொடுக்கும். இடையில் எழுந்து முகம் கழுவி, விரும்பினால் நெற்றியில் நீறிட்டு, ஒரு வாய்த் தண்ணீர் குடித்துவிட்டு உட்காரும்படி சொல்வதற்கு இரண்டு நிமிடத்துக்கு மேல் தேவைப்படாது.